கல்யாண ஸ்டுடியோவிலிருந்து பத்திரிகைப் படத்துக்கு: குமுளியில் இருந்துகொண்டே முடியுமா?

ஏலக்காட்டுப் பையன் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். எனக்கு 27 வயது. வீடு கேரளத்து வண்டன்மேட்டுப் பக்கம், ஸ்டுடியோ எல்லையோரக் குமுளியில். அம்மா இன்றும் ஏலக்காட்டுக்குக் காய் எடுக்கப் போகிறார். அப்பா கம்பத்திலிருந்து ஆள் ஏற்றி வரும் ஜீப் ஓட்டுகிறார். ஏழு வருடமாகக் கல்யாணம், காதுகுத்து, சர்ச் பெருநாள், கோயில் கொடை என்று எடுத்துக்கொண்டிருக்கிறேன். பிழைப்புக்குக் குறைவில்லை.

போன மாதம் குமுளியில் ஒரு கட்சிக் கூட்டம். ஆர்டர் எதுவும் கிடையாது, நானாகத்தான் கேமராவோடு போய் நின்றேன். மேடையில் பேசியவர் பெரிய தலைவர். ஆனால் வீட்டுக்கு வந்து பார்த்தபோது மனதில் நின்ற படம் வேறு. முன்வரிசையில் ஒரு பெரியவர், எழுபதுக்கு மேல் இருக்கும். கொடிக்கம்பைக் காலிடுக்கில் ஊன்றியிருக்கிறார். தலைவர் மலையாளத்தில் பேசுகிறார், பக்கத்து நாற்காலியில் இருக்கும் பேரன் அவர் காதில் வாய் வைத்துத் தமிழில் சொல்லிக்கொண்டிருக்கிறான். பெரியவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்கிறார். அவ்வளவுதான் படம்.

முகநூலில் போட்டேன். இரண்டு நாளில் ஒரு செய்தித் தளம் அதை எடுத்துப் போட்டது. என் பெயரும் இல்லை, கேட்கவும் இல்லை. போன் செய்தால் ‘படம் நெட்டில் கிடந்தது’ என்கிறார்கள். கோபம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், இந்த வேலையைத்தான் நான் செய்ய வேண்டும் என்று அன்று ராத்திரி தோன்றியது, இன்னும் போகவில்லை.

கேட்க வேண்டியவை: இதில் சோறு கிடைக்குமா? இதற்கென்று படிக்க வேண்டுமா? மலையாளம் நன்றாகப் பேசுவேன், எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பேன். தமிழ்ப் பத்திரிகைக்குப் போவதா, மலையாளப் பத்திரிகைக்கா? எல்லையில் ஏதாவது பிரச்சினை வந்தால் நான் எந்தப் பக்கத்து ஆள் என்று கேட்பார்களே, அதற்கு என்ன சொல்வது? அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

மதுரை டெஸ்க் எழுதியது:

தம்பி, நான் 14 வருடமாக ஒரு நாளிதழின் மாவட்டப் பக்கங்களைப் பார்க்கிறேன். தினமும் இருநூறு முந்நூறு படம் வந்து விழும். எங்கள் பக்கத்திலிருந்து சில விஷயம் சொல்கிறேன்.

முதலில் உன் கோபம் நியாயமானது. 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 17ஆவது பிரிவை யாரையாவது வைத்து ஒருமுறை வாசித்துக்கொள். யாரும் காசு கொடுத்து எடுக்கச் சொல்லாமல் நீயாகப் போய் எடுத்த படம் உன்னுடையது. நெட்டில் கிடந்தாலும் உன்னுடையதுதான். பத்திரிகையில் சம்பளத்துக்கு இருப்பவர் வேலையில் எடுத்த படத்தை வெளியிடும் உரிமை பத்திரிகை முதலாளிக்கு. அதைத் தாண்டிய உரிமைகள், வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், எடுத்தவருக்கே. ஆனால் நீ காசு வாங்கி எடுத்த கல்யாணப் படம், வேறு பேச்சு இல்லையென்றால், காசு கொடுத்தவருடையது. இந்த வித்தியாசம் ஸ்டுடியோக்காரர்கள் பலருக்குத் தெரியாது. அந்தத் தளத்துக்கு போன் செய்யாதே, எழுத்தில் அனுப்பு. மூல பைல் உன்னிடம் இருக்கிறதல்லவா, அதுவே சாட்சி.

சோறு விஷயம். நிரந்தர வேலை குறைந்துவிட்டது. 1955 உழைக்கும் பத்திரிகையாளர் சட்டத்திலேயே செய்திப் புகைப்படக்காரரையும் பத்திரிகையாளர் என்று சேர்த்திருந்தார்கள். ஆனால் சின்ன ஊர்களில் பெரும்பாலும் படத்துக்கு இவ்வளவு என்ற கணக்குதான். அதை நம்பி ஸ்டுடியோவை மூடாதே.

வேலை என்றால் காத்திருப்பது. 2017 பிப்ரவரி 18, சென்னையில் நம்பிக்கை வாக்கெடுப்பு. சட்டசபைக்குள் பத்திரிகைக் கேமராவுக்கு இடமில்லை. அன்றைய எதிர்க்கட்சித் தலைவர் ஸ்டாலின் கிழிந்த சட்டையோடு வெளியே வந்தார். காலையிலிருந்து வெளியே கால் கடுக்க நின்றவர்களுக்குத்தான் அந்தப் படம். அவர்களில் யாராவது டீக்குப் போயிருந்தால் போனதுதான்.

படிப்பு வேண்டுமானால் காக்கநாட்டில் கேரள மீடியா அகாதமி இருக்கிறது, புகைப்பட இதழியல் சான்றிதழ் வகுப்பு நடத்துகிறார்கள். ஆனால் என் மேசைக்கு வருகிற படங்களில் கெட்டுப்போவது பெரும்பாலும் போகஸ் இல்லை. படத்துக்குக் கீழே போடும் குறிப்பு. ‘கூட்டத்தில் கலந்துகொண்ட பொதுமக்கள்’ என்று எழுதி அனுப்புகிறார்கள். அதை வைத்து நான் என்ன செய்வது?

பழைய ரோல் எழுதியது:

டெஸ்க் தம்பி கடைசியில் சொன்ன இடத்திலிருந்தே நான் தொடங்குகிறேன். ஏலக்காட்டுத் தம்பி, உன் படத்தைப் பார்த்தேன். நல்ல படம். எனக்கு ஒரே ஒரு கேள்வி. பேரன் என்று எழுதியிருக்கிறாய். பேரன் என்று உனக்கு யார் சொன்னார்கள்?

இதை ஏன் கேட்கிறேன் என்று சொல்ல, என் கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். சொந்த ஊர் கம்பம். 1990லிருந்து குமுளி. ஸ்டுடியோவும் வைத்திருந்தேன், தமிழ், மலையாளம் இரண்டு பக்கத்துப் பத்திரிகைக்கும் படம் கொடுத்தேன். இப்போது கடையை மகன் பார்க்கிறான்.

முதல் படம் வந்தது 1989 ஜனவரி. எம்.ஜி.ஆர். இறந்த பிறகு நடந்த தேர்தல், கட்சி இரண்டாகி நின்றது. ஜெயலலிதா போடிநாயக்கனூரில் சேவல் சின்னத்தில், அந்தப் பக்கம் ஜானகி அணிக்கு இரட்டைப் புறா. நான் ஒரு ஸ்டுடியோவில் பிளாஷ் பிடிக்கிற பையன். முதலாளி கையில் ஒரே ஒரு கறுப்பு வெள்ளை ரோல், 36 படம். ஜெயலலிதாவின் வேன் வந்தது, கூட்டம் நெரித்தது, முதலாளி 30 படத்தை முகத்துக்கே செலவு செய்துவிட்டார். வேன் போன பிறகு கேமராவை என் கையில் கொடுத்துவிட்டு வெற்றிலை வாங்கப் போனார். ரோட்டோரத்தில் ஒரு அம்மா நிஜச் சேவலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, வேன் போன திசையையே பார்த்துக்கொண்டு நின்றார். சேவல் கால் இரண்டும் கயிற்றால் கட்டியிருந்தது. சேவல் மட்டும் என்னைப் பார்த்தது. எடுத்தேன். மதுரைக்கு ரோலைக் கறுப்புக் காகிதத்தில் சுற்றி, கவரில் போட்டு, பஸ் டிரைவர் கையில் கொடுத்தனுப்பினோம். மூன்றாம் நாள் அந்தப் படம்தான் வந்தது. முதலாளி பெயரில் வந்தது. ஆனால் வீட்டுக்குக் கூப்பிட்டுச் சோறு போட்டார், அடுத்த வாரம் எனக்கென்று ஒரு ரோல் வாங்கிக் கொடுத்தார். அந்த மனிதரை நான் மறக்க மாட்டேன்.

அதிலிருந்து இந்த எல்லையில் நடந்தது எல்லாவற்றுக்கும் போயிருக்கிறேன். 2007ல் அச்சுதானந்தன் முதல்வராக இருந்தபோது மூணாறில் ஜேசிபி வைத்துக் கட்டடம் இடித்தது, 2009 செப்டம்பர் 30 தேக்கடியில் படகு கவிழ்ந்து 45 பேர் போனது, 2011 மகரஜோதி அன்று ராத்திரி சபரிமலைப் பக்கம் புல்மேட்டில் நெரிசலில் நூறு பேருக்கு மேல் செத்தது. கடைசி இரண்டையும் பற்றி எழுத எனக்கு இன்னும் கை வரவில்லை. விட்டுவிடுகிறேன்.

2011 டிசம்பர். முல்லைப்பெரியாறு அணைத் தகராறு. உனக்கு அப்போது 13, 14 வயது இருந்திருக்கும், ஞாபகம் இருக்கும். கம்பம், கூடலூர் பக்கமிருந்து ஆயிரக்கணக்கில் ஜனங்கள் குமுளியை நோக்கி ஏறி வந்தார்கள். போலீஸ் தடியடி, தடை உத்தரவு, வாரக்கணக்கில் லாரி நகரவில்லை. இந்தப் பக்கம் ஏலக்காடுகளில் வேலை பார்த்த நம் ஜனங்கள் மூட்டை முடிச்சோடு கீழே இறங்கினார்கள். நான் ரோட்டில்தான் நின்றேன். என் பையைத் தமிழ்ப் பக்கத்துப் பையன்கள் ‘மலையாளத்தான் பத்திரிகைக்காரன்’ என்று பிடுங்கினார்கள். அரை மணி நேரம் கழித்து மேலே வந்தால் இங்கே ‘பாண்டி’ என்று தள்ளினார்கள். நீ கேட்டாயே எந்தப் பக்கத்து ஆள் என்று, அந்த ஒரே நாளில் எனக்கு இரண்டு பதிலும் கிடைத்தது.

அன்று ஒரு படம் எடுத்தேன். வயதான அம்மா. தலையில் சட்டிப் பானைக் கூடை, இடது கையில் ஒரு சின்னப் பெண் குழந்தை, வலது கையில் கெரசின் ஸ்டவ். ஸ்டவ்வில் இருந்து எண்ணெய் ஒழுகிச் சேலையில் கறுப்பாக ஒரு கோடு. பின்னால் பனி. வேகமாகப் போனார்கள், நானும் வேகத்தில் இருந்தேன். ஒரு வார்த்தை கேட்கவில்லை. அப்போது டிஜிட்டல் வந்துவிட்டது, ராத்திரியே ஒரே படத்தை இரண்டு பத்திரிகைக்கு அனுப்பினேன். குறிப்பில் ‘எல்லையில் இறங்கும் தொழிலாளி’ என்று மட்டும் எழுதினேன்.

ஒரு பக்கம் ‘விரட்டியடிக்கப்பட்ட தமிழ் மூதாட்டி’ என்று வந்தது. இன்னொரு பக்கம் ‘போராட்டத்தில் சேர ஊருக்குச் செல்லும் தொழிலாளர்கள்’ என்று வந்தது. இரண்டையும் நான் எழுதவில்லை. ஆனால் இரண்டுக்கும் இடம் விட்டது நான்.

பொங்கல் கழிந்து அந்த அம்மா என் கடைக்கு வந்தார். கையில் பத்திரிகைத் துண்டு, நாலாக மடித்து. கோபமாகக்கூடப் பேசவில்லை. ‘யாரு என்னைய விரட்டுனான்னு போட்டீங்க? கணக்குப்பிள்ளைதான் சம்பளத்த முழுசா குடுத்து, அவுக சம்சாரம் வழிக்குச் சோறு கட்டிக் குடுத்து, செக்போஸ்ட் வரைக்கும் ஜீப்புல கொண்டாந்து விட்டாரு. அடங்கினதும் வந்துரு பாட்டின்னு சொன்னாரு. அவுக வீட்டுல இதப் பாத்திருக்காக. இப்ப நான் எந்த மூஞ்சிய வச்சிட்டு அங்க போவேன்?’ என்று கேட்டார். கணக்குப்பிள்ளை மலையாளி.

நான் அவரோடு அந்த எஸ்டேட்டுக்குப் போனேன். கணக்குப்பிள்ளையின் மனைவி வாசலிலேயே நின்று பேசினார். ‘உள்ளே வாங்க’ என்று சொல்லவில்லை. நடந்ததைச் சொன்னேன். கேட்டுக்கொண்டார். அந்த அம்மாவுக்கு வேலை திரும்பக் கிடைத்தது, ஆனால் பழைய மாதிரி அந்த அடுக்களைத் திண்ணையில் உட்கார்ந்து டீ குடிக்கிற உறவு திரும்பவில்லை என்று பிறகு அவரே சொன்னார். நான் எடுத்த படத்தில் பொய் எதுவும் கிடையாது தம்பி. கூடை நிஜம், ஸ்டவ் நிஜம், பனி நிஜம். ஒரு நிமிஷம் கூடவே நடந்து பெயரும் ஊரும் காரணமும் கேட்டிருந்தால் போதும்.

அன்றிலிருந்து பெயர், ஊர், தேதி, என்ன சொன்னார்கள், இது நாலும் இல்லாமல் நான் எந்தப் படமும் அனுப்பியதில்லை. மலையாளக் குறிப்பை நானே மலையாளத்திலும் எழுதி அனுப்புவேன். ‘மாற்றுவதானால் எனக்கு ஒரு போன்’ என்று கீழே ஒரு வரி. சில டெஸ்க்குகளுக்குப் பிடிக்கவில்லை, படம் வாங்குவதை நிறுத்தினார்கள். சரி, போகட்டும். நீ மலையாளம் எழுதப் படிக்க உடனே கற்றுக்கொள். எந்த மொழிப் பத்திரிகை என்பது இரண்டாவது கேள்வி. இரண்டு மொழியிலும் குறிப்பு எழுதத் தெரிந்த படக்காரன் இந்த எல்லையில் இன்றைக்கும் ரொம்பக் குறைவு.

அதனால் வந்த நன்மையும் உண்டு. 2014 மே 7, உச்ச நீதிமன்றம் முல்லைப்பெரியாறு அணையில் 142 அடிக்குத் தண்ணீர் தேக்கலாம் என்று தீர்ப்பு சொன்னது. நவம்பரில் அணையில் 142 அடி தொட்டது. அந்த வாரம் கூடலூரில் வெடி போட்டு, லோயர் கேம்ப்பில் அணையைக் கட்டிய பென்னி குயிக் சிலைக்கு மாலை போட்டார்கள், எடுத்தேன். அன்றே மேலே ஏறி வள்ளக்கடவுக்குப் போனேன். அணைக்குக் கீழே ஆற்றங்கரையில் முதல் குடியிருப்பு அதுதான். அங்கே ஒரு வீட்டில் ரேஷன் கார்டு, பள்ளிச் சான்றிதழ், நிலப் பத்திரம் எல்லாவற்றையும் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கதவுக்குப் பின்னால் ஆணியில் மாட்டியிருந்தார்கள், ராத்திரி ஓட வேண்டி வந்தால் கையில் எடுக்க. அந்த உறையை எடுத்தேன். இரண்டு பக்கத்து ஆட்களின் பெயரையும் சொன்னதையும் எழுதி இரண்டு படத்தையும் சேர்த்தே அனுப்பினேன். ஒரு தமிழ்ப் பத்திரிகை இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டது. எனக்கு வாழ்நாளில் கிடைத்த பெரிய சந்தோஷம் அது. கீழே ஐந்து மாவட்டத்து வயல் காயக் கூடாது என்பதும் உண்மை, வள்ளக்கடவுப் பெண் தூங்க முடியவில்லை என்பதும் உண்மை. இரண்டையும் பக்கத்தில் வைத்துக் காட்ட நம்மைப் போல இங்கே வாழ்கிற ஆளால்தான் முடியும். கோட்டயத்திலிருந்தும் மதுரையிலிருந்தும் வருகிறவருக்கு அன்று சாயங்காலம் பஸ்ஸைப் பிடிக்க வேண்டும்.

அரசியல் தலைவர்களை எடுப்பது பற்றியும் கேட்டிருப்பாய் என்று வைத்துக்கொள்கிறேன். மேடைப் பேச்சில் படம் குறைவு. கார் கதவு திறந்து முதல் கால் வெளியே வருவதற்கும் முதல் மாலை விழுவதற்கும் நடுவில் நாலைந்து விநாடி இருக்கிறது. அப்போது முகம் அவருடைய சொந்த முகம். கேரள முதல்வராக இருந்த உம்மன் சாண்டி இதற்கு விதிவிலக்கு, அவரைச் சுற்றி எப்போதும் கூட்டம், கையில் எப்போதும் யாருடைய மனுவோ இருக்கும். 2023 ஜூலையில் அவர் உடல் திருவனந்தபுரத்திலிருந்து கோட்டயம் வர ஒரு நாளுக்கு மேல் ஆனது. நான் கோட்டயம் திருநக்கரை மைதானத்தில் நின்றேன். வேலையாகப் போகவில்லை, போகத் தோன்றியது. அங்கேயும் சிலர் கையில் மனுவோடு வந்திருந்தார்கள். மூன்று பேரின் பெயரை எழுதிக்கொண்டேன்.

வாக்குப்பதிவு நாளில் தேர்தல் ஆணையத்தின் அனுமதிக் கடிதம் இல்லாமல் சாவடிக்குள் போகாதே, மறைப்புக்குப் பின்னால் ஓட்டுப் போடுவதை அனுமதி இருந்தாலும் எடுக்காதே. 2011, 2016, 2021 மூன்று தடவையும் நமக்கும் தமிழ்நாட்டுக்கும் ஒரே நாளில் சட்டசபை வாக்குப்பதிவு. காலை ஏழு மணிக்கு எந்தப் பக்கம் நிற்பது என்று முதல் நாளே முடிவு செய்துகொள். நான் எப்போதும் காலையில் லோயர் கேம்ப், பத்து மணிக்கு மேல் குமுளி.

மழையில் கவனம். விக்டர் ஜார்ஜ் இந்த மாவட்டத்தில்தான், வண்ணப்புறத்தில், 2001 ஜூலை 9 அன்று மழையைப் படமெடுக்கப் போன இடத்தில் மண்சரிவில் போனார். மலையாள மனோரமாவின் பெரிய படக்காரர். அவர் மழைப் படங்களைப் பார்த்துத்தான் நாங்கள் எல்லாம் மழைக்குள் கேமரா எடுக்கலாம் என்று தெரிந்துகொண்டோம். சரிவுக்குக் கீழே நின்று எடுக்காதே. இதை உன் அம்மாவுக்காகச் சொல்கிறேன்.

சோறு: என் வீட்டு அரிசி பாஸ்போர்ட் படத்தில் வந்தது. பிள்ளைகள் படிப்பு கல்யாண ஆல்பத்தில் வந்தது. டெஸ்க் தம்பி சொன்னது சரி. ஸ்டுடியோவை மூடாதே.

தேயிலைக்காட்டு மகள் எழுதியது:

பழைய ரோல் அண்ணன் எழுதியதை இரண்டு தடவை வாசித்தேன். நான் கேமராவுக்கு முன்னால் நின்ற பக்கம். மூணாறு. 2015 செப்டம்பரில் போனஸை 19 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாகக் குறைத்தபோது எங்கள் அம்மா, சித்தி, நான், எல்லோரும் ரோட்டில் உட்கார்ந்தோம். தொழிற்சங்கத் தலைவர்களைப் பக்கத்தில் விடவில்லை, பொம்பளைகளே நடத்தினோம். ஒன்பது நாள். எவ்வளவு கேமரா! திருவனந்தபுரம், கொச்சி, சென்னையிலிருந்து எல்லாம் வந்தார்கள். 8.33 சதவீதம் போனஸும் 11.67 சதவீதம் கருணைத் தொகையும் என்று 20 சதவீதத்துக்கு ஒத்துக்கொண்ட ராத்திரி எங்களைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழச் சொல்லிப் படம் எடுத்தார்கள். நாங்கள் நிஜமாகவே அழுதுகொண்டுதான் இருந்தோம், சொல்லத் தேவையே இல்லை.

எங்கள் அம்மா படம் ஒரு பத்திரிகையில் பெரிதாக வந்தது. கை தூக்கிக் கோஷம் போடுகிற படம். கீழே பெயர் இல்லை, ‘பெண் தொழிலாளி’ என்று இருந்தது. அம்மாவுக்குப் பெருமைதான். ஆனால் யாரிடமாவது காட்டும்போது, ‘இது நீயா?’ என்று கேட்பார்கள். ‘நான்தான்’ என்று அம்மா ஒவ்வொரு தடவையும் சொல்ல வேண்டியிருந்தது. பெயர் போட்டிருந்தால் சொல்ல வேண்டாமே.

தம்பிக்கு இன்னொன்று. கல்யாணப் படத்தைச் சின்னதாக நினைக்காதே. 2020 ஆகஸ்ட் 6 ராத்திரி பெட்டிமுடியில் லயம், அதுதான் தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகள், மண்ணுக்குள் போனது. 70 பேர். எல்லாம் நம் ஜனம், பாதிக்குப் பாதி ஒருவருக்கொருவர் சொந்தம். வீட்டில் இருந்த ஆல்பம், ஆதார் அட்டை, போன் எல்லாம் வீட்டோடே போய்விட்டது. எங்கள் சொந்தத்தில் ஒரு குடும்பத்துப் பிள்ளைகளின் முகத்தைத் திரும்பப் பார்க்க ஒரே இடம்தான் இருந்தது. அடிமாலியில் ஒரு ஸ்டுடியோ. முந்தின வருடம் ஒரு சடங்குக்கு வந்து எடுத்தவர், பைலை அழிக்காமல் வைத்திருந்தார். 300 படத்தையும் பென் டிரைவில் போட்டுக் கொடுத்தார், காசு வாங்கவில்லை. பந்தியில் உட்கார்ந்து அப்பளம் கடிக்கிற படம் ஒன்று. அதைத்தான் பெரிதாக்கி மாலை போட்டார்கள். உன் ஹார்ட் டிஸ்க்கை இரண்டு பிரதி வை தம்பி. இரண்டையும் ஒரே வீட்டில் வைக்காதே.

ஏலக்காட்டுப் பையன் எழுதியது:

அண்ணே, அக்கா, எல்லோருக்கும் நன்றி. உடனே பதில் எழுத முடியவில்லை. பழைய ரோல் அண்ணன் கேட்ட கேள்வி தூங்க விடவில்லை. நாலு நாளாக அந்தப் பெரியவரைத் தேடினேன். படத்தை போனில் வைத்துக்கொண்டு கட்சி ஆபீஸில் கேட்டேன், தெரியவில்லை. எங்கள் அப்பாவின் ஜீப் டிரைவர்கள் குரூப்பில் போட்டேன். நேற்று சாஸ்தாநடைப் பக்கம் ஒரு எஸ்டேட் லயத்தில் இருக்கிறார் என்று ஒருவர் சொன்னார். போனேன்.

பேரன் இல்லை அண்ணே. பக்கத்து லயத்துப் பையன். ஆறாம் வகுப்பு, மலையாள மீடியம். பெரியவருக்குப் பிள்ளைகள் இரண்டு பேரும் திருப்பூரில். எங்கே கூட்டம் நடந்தாலும் இந்தப் பையனைக் கூட்டிக்கொண்டு போவாராம், கேட்டுச் சொல்வதற்கு. போகும்போது பஸ் டிக்கெட், வரும்போது பரோட்டா. அன்று கண்ணை மூடியிருந்தது கவனத்தினால் இல்லை. கண் புரை. ‘வெளிச்சம் மேடையில இருந்து குத்துது, மூடிக்கிட்டா காது நல்லா கேக்குது’ என்றார். தலைவர் என்ன பேசினார் என்று கேட்டேன். பட்டா பற்றிப் பேசியதை வரிசையாகச் சொன்னார். பையன் ஒரு இடத்தில் தப்பாக மொழிபெயர்த்தானாம், அதையும் சொன்னார்.

இரண்டு பேர் பெயரும் வாங்கிவிட்டேன். இங்கே போடலாமா என்று கேட்கவில்லை, அதனால் போடவில்லை. முகநூலில் ‘பேரன்’ என்று இருந்ததைத் திருத்திவிட்டேன். அந்தத் தளத்துக்கு எழுத்தில் அனுப்பியிருக்கிறேன், அவர்களும் ‘பேரன்’ என்றுதான் போட்டிருக்கிறார்கள், அதையும் மாற்றச் சொல்லி.

மலையாளம் எழுதப் பழக நாலாம் வகுப்புப் புத்தகம் வாங்கிவிட்டேன். அந்தப் பையனே சொல்லித் தருகிறேன் என்கிறான்.

பழைய ரோல் எழுதியது:

பெரியவரைக் கண்ணாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக யாரும் இல்லை என்றால் சொல். தேனியில் தெரிந்த இடம் இருக்கிறது, நான் வருகிறேன்.

படத்தை 12க்கு 18 அளவில் ஒன்று போட்டு அவருக்குக் கொடு. பின்னால் பென்சிலால் எழுது, பேனா மை குமுளி ஈரத்துக்கு ஊறிவிடும்.

அப்புறம், என்னிடம் 1989லிருந்து 2004 வரை எடுத்த நெகட்டிவ் ஏழு டிரங்குப் பெட்டி இருக்கிறது. இரண்டு பெட்டியில் பூஞ்சை பிடித்துவிட்டது. மீதியை ஸ்கேன் செய்ய வேண்டும், எனக்கும் கண் முன்னைப் போல இல்லை. பாதிப் படத்துக்குப் பெயர் என் தலைக்குள்தான் இருக்கிறது, எங்கேயும் எழுதவில்லை. 2011க்கு முந்தியவை எல்லாம் அப்படித்தான். ஞாயிற்றுக்கிழமை கல்யாணம் இருக்கும் உனக்கு. திங்கள் காலை வா. பருத்திக் கையுறை ஒரு ஜோடி, ஒரு நீள நோட்டு. நான் ஒவ்வொன்றாக வெளிச்சத்தில் பிடித்துச் சொல்கிறேன், நீ எழுது.